சாசேஜ் வந்த கோடை

ஜூலை 9

விடுதியில் எட்டு விருந்தாளிகள், ஏழு கட்டில். மக்வலா அக்கா தன் கட்டிலைக் கொடுத்துவிட்டு சமையலறைப் பலகையில் படுக்கிறாளாம். நாளைக்கு இடுப்பு பிடித்துக்கொள்ளும், அதற்கு நான்தான் காரணம் என்பாள். தங்கை லமாரா போன் சிக்னல் கிடைக்கும் பாறையில் போய் உட்கார்ந்தவள் இன்னும் இறங்கவில்லை. நானூற்றைம்பது கின்காலிக் கொழுக்கட்டை மடித்தேன். இனி மாவைப் பார்த்தால் அழுதுவிடுவேன்.

ஜூலை 10

இதை எழுதியே ஆகவேண்டும்.

நேற்று மாலை நடந்தே வந்து சேர்ந்த போலந்துக் கிழவர், ஸ்பிஷெக் என்று பெயர், டிராம் ஓட்டி ஓய்வு பெற்றவர், காலையில் சமையலறைக்குள் வந்தார். சிரித்தார். பையிலிருந்து முழங்கை நீளத்துக்கு ஒரு சாசேஜை எடுத்தார். அக்காவுக்குத் தெரிந்த ரஷ்ய மொழியிலேயே, நறுக்க ஒரு கத்தி வேண்டும் என்று கேட்டார். "எங்க வீட்ல செஞ்சது. சுத்தமான பன்னி" என்றார், பெருமையாக.

அக்கா போட்ட சத்தத்தில் மாடியில் இருந்தவர்கள் எல்லாம் கீழே வந்துவிட்டார்கள்.

எங்கள் துஷேத்தி மலைநாட்டுக்குள் பன்றிக்கறி வரக்கூடாது. மலைக்கு ஆகாது, கோயிலுக்கு ஆகாது. வந்தால் ஆலங்கட்டி, மண்சரிவு, ஆட்டுக்கு நோய். லமாரா இதை நான்கு மொழியில் எழுதி வாசலில் ஒட்டியிருக்கிறாள். போலிஷில் எழுதவில்லை.

"எங்கயும் வைக்காதீங்க! எதையும் தொடாதீங்க!" என்று அக்கா கத்த, பாவம், மனிதர் அதை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு முற்றத்தில் போய் நின்றார். ஒன்றரை மணி நேரம் நின்றார். ஏனென்றால் அதை என்ன செய்வது என்று எங்களுக்குத் தெரியவில்லை. புதைக்கலாமா? மண் கோயிலுடையது. ஆற்றில் விடலாமா? ஆறு இன்னும் ஐந்து ஊரைத் தாண்டவேண்டும். எரித்தால் புகை. "நாய்க்குப் போட்டுடலாம்" என்றாள் லமாரா. "என் நாய் உனக்கு என்னடி பாவம் பண்ணுச்சு?" என்றாள் அக்கா.

கடைசியில் வேன் ஓட்டுகிற ஒத்தாரியைக் கெஞ்சி, சாசேஜை வண்டிக்கு வெளியே பின்னேணியில் கயிற்றால் கட்டி, கணவாய்க்கு அந்தப் பக்கம் கொண்டுபோய்விடச் சொன்னோம். ஒத்தாரி சிலுவை போட்டுக்கொண்டு கிளம்பினான்.

தட்டில் படவில்லை, பலகையில் படவில்லை, கத்தியில் படவில்லை. நான் பார்த்தேன். அடுப்புக்குப் பத்தடி தள்ளி, அவர் கையிலேயே இருந்தது. இதை அடிக்கோடிட்டு வைக்கிறேன்.

ஜூலை 11

மழை. நாள் முழுக்க.

ஜூலை 12

பாதை போய்விட்டது. மூன்றாவது வளைவில் மலையே சரிந்து உட்கார்ந்துவிட்டதாம். வழி ஊர்களில் ஆள் ஏற்றக் காத்திருந்த ஒத்தாரி, கணவாயை எட்டாமலேயே நல்லபடியாகத் திரும்பி வந்தான். சாசேஜ் வரவில்லை. "அதை மறுபடி ஊருக்குள்ள கொண்டாந்தா என்னைக் கொன்னுடுவாங்கக்கா" என்றான். வளைவில் நிற்கிற பிர்ச் மரத்தில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறானாம். மூன்று ஊர் நாயும் மரத்தடியில் உட்கார்ந்து அண்ணாந்து பார்த்துக்கொண்டிருக்கின்றனவாம்.

சரி, வாயை மூடிக்கொண்டிருந்தானா? வழியில் பார்த்த ஒவ்வொருவரிடமும் சொல்லியிருக்கிறான்.

ஜூலை 14

ஆண்கள் கூடினார்கள். கோயில் மேட்டுக்குக் கீழே, சுவர் மேல் வரிசையாக. நாங்கள் மூவரும் எல்லைக்கல்லுக்கு இந்தப் பக்கம் நின்றோம். அந்தக் கல்லைப் பெண்கள் தாண்டக்கூடாது. நான் பிறந்த நாளிலிருந்து இந்த ஊரில் அதைத் தாண்டியதில்லை. மேட்டைச் சுற்றிக்கொண்டு முள்ளுச்செடிக்குள்ளேதான் வீட்டுக்குத் தண்ணீர் தூக்குகிறோம்.

பூசாரி எலிஸ்பார் பெரியப்பா (உறவு இல்லை, ஊரே அப்படித்தான் கூப்பிடும்) பொல்லாதவர் இல்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னார்: "பாதை விழுந்துபோச்சு. சாசேஜ் உங்க வீட்லேர்ந்துதான் கிளம்புச்சு. உங்க பாத்திரத்துல படலன்னா, கோயில்ல வந்து சத்தியம் பண்ணுங்க. பண்ணிட்டா முடிஞ்சுது."

"பண்றோம்" என்றாள் அக்கா.

"நீங்க எப்படி வருவீங்க? வீட்டு ஆம்பளை வரணும்."

"எங்க வீட்ல ஆம்பளை இல்ல."

"அதான் நானும் யோசிக்கறேன்" என்றார். உண்மையிலேயே யோசித்தார், பாவம்.

அப்பா போய் ஆறு வருஷமாகிறது. எங்களில் ஒருத்தி புருஷனைப் புதைத்தவள், ஒருத்தி (நான்) புருஷனை விட்டு வந்தவள், ஒருத்தி புருஷனே வேண்டாம் என்றவள். ஆக, குற்றம் சாட்டுவதற்கு எங்கள் வீடு வீடாக இருக்கிறது. பதில் சொல்வதற்கு மட்டும் வீடாக இல்லை. இது என்ன நியாயம்? சண்டை போடக்கூட வாசல் இல்லாத நியாயம்!

தீர்ப்பு: கோயில் திருவிழாவுக்குள், அதாவது ஆகஸ்ட் 2-க்குள், சத்தியம் செய்யவேண்டும். இல்லாவிட்டால் எங்கள் அடுப்பை அணைக்கவேண்டும். இந்தக் கோடைக்கு மட்டும் இல்லையாம், கோயில் சொல்லும்வரைக்கும். கோயில் எப்போது சொல்லும், யாரிடம் சொல்லும்? சத்தியம் ஆகும்வரை, இப்போதிருந்தே, ஊரார் யாரும் எங்கள் கையால் தண்ணீர்கூட வாங்கக்கூடாது. மலை திறந்திருக்கும் நான்கு மாதம்தான் எங்களுக்கு வருஷம். அடுப்பு அணைந்தால் விடுதி இல்லை. விடுதி இல்லையென்றால் மூன்று பேரும் அல்வானிச் சமவெளியில் மூன்று சொந்தக்காரர் வீட்டில் மூன்று மூலையில் உட்காரவேண்டியதுதான்.

ஜூலை 15

நுக்ஸார் வந்தான். எதிர்பார்த்ததுதான். சித்தப்பா மகன். தொப்பியைக் கழற்றி மார்போடு வைத்துக்கொண்டு வந்தான், சாவு வீட்டுக்கு வருவதுபோல.

"அக்கா, நான் இருக்கேன்ல? நானும் இந்த வம்சந்தானே? நான் போய் சத்தியம் பண்றேன். ஆனா கோயில்ல பொய் சொல்ல முடியாது பாருங்க. நான் இந்த வீட்டு ஆம்பளைன்னா, வீடு என் பேர்ல இருக்கணும். சும்மா ஒரு காகிதம். நீங்க பாட்டுக்கு சமைச்சிட்டு இருங்க."

சும்மா ஒரு காகிதமாம்! அப்பாவின் சாவுச் சாப்பாட்டிலேயே மாடி அறைகளைக் காலால் அளந்தவன் இவன். எனக்குத் தெரியாதா?

அக்கா மாவு பிசைவதை நிறுத்தவில்லை. "நுக்ஸார், உன் விடுதியில கக்கூஸ் கதவுக்குத் தாழ்ப்பாள் போட்டாச்சா?"

"அடுத்த வாரம் போடறேன்."

"முதல்ல அதைப் போடு. அப்புறம் என் வீட்டுக் கதவைப் பத்திப் பேசலாம்."

போய்விட்டான். போகும்போது தொப்பியைப் போட்டுக்கொண்டு போனான்.

ஜூலை 16

ஆட்டிடையர்கள் எங்களுக்கு சீஸ் தரவில்லை. கேத்தோ (நுக்ஸார் பெண்டாட்டி) மட்டும் வேலிக்கு மேலே ஒரு சீஸ் பொட்டலத்தை எறிந்துவிட்டு, என்னைப் பார்க்காதவள்போல் கோழியைத் திட்டிக்கொண்டே போனாள்.

ஜூலை 17

பாதை இன்னும் மூடித்தான் இருக்கிறது. மாட்டிக்கொண்ட விருந்தாளிகள் பதினொரு பேர். உருளைக்கிழங்கு, உருளைக்கிழங்கு, உருளைக்கிழங்கு.

ஜூலை 20

மூன்று நாளாக எழுதவில்லை, ஏனென்றால் நான் ஒரு சாசேஜோடு மலையேறிக்கொண்டிருந்தேன். என் வயது நாற்பத்தொன்பது.

விஷயம் தெரிந்ததும் ஸ்பிஷெக் கூனிக் குறுகிப் போய்விட்டார். "நான் கொண்டுவந்தது. நானே கொண்டுபோகிறேன்" என்று கிளம்பிவிட்டார். நடந்து, சரிவுக்கு மேலே சுற்றிக்கொண்டு, கணவாயைத் தாண்டி. தனியாக விட முடியுமா? பார்த்த சாட்சி வேறு வேண்டும். அக்காவுக்கு இடுப்பு, லமாராவுக்கு விருந்தாளிகள். ஆக நான்.

மரத்தடியில் நாய்கள் வழிவிடவே இல்லை. ஸ்பிஷெக் மரத்தில் ஏறினார் (எழுபத்தொரு வயது!). நீளமான கம்பு நுனியில் அதைக் கட்டித் தோளில் சாய்த்துக்கொண்டு முன்னால் நடந்தார். நான் பத்தடி தள்ளிப் பின்னால். எனக்குப் பின்னால் நாய்கள். யாராவது தூரத்திலிருந்து பார்த்திருந்தால் ஏதோ திருவிழா ஊர்வலம் என்று சிலுவை போட்டிருப்பார்கள். இரண்டாம் நாள் வெயிலில் அதன் வாசனை வேறு. கடவுளே, மன்னித்துக்கொள், எனக்குப் பசித்தது.

கணவாய்க்கு அந்தப் பக்கம் இருநூறு அடி இறங்கியதும் "இங்க இருந்து உங்க நாடு இல்லதானே?" என்று கேட்டார். "எங்க நாடுதான், எங்க மலை இல்ல" என்றேன். அவ்வளவுதான். உட்கார்ந்தார், கத்தியை எடுத்தார், ரொட்டியை எடுத்தார், முழுசையும் சாப்பிட்டார். நாய்கள் அழுதன. எனக்கும் ஒரு துண்டு நீட்டினார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டு பழைய உருளைக்கிழங்கைத் தின்றேன். கீழே அல்வானியில் குளிர்காலத்தில் நான் பன்றிக்கறி சாப்பிடுகிறவள்தான். ஆனால் அன்று சாட்சியாகப் போனவள். சாட்சிக்கு வாயில் எண்ணெய் வழியலாமா?

"நல்லா இருந்துச்சா?" என்று கேட்டேன், அடக்கமுடியாமல்.

"கொஞ்சம் உப்பு ஜாஸ்தி" என்றார்.

ஜூலை 22

எலிஸ்பார் பெரியப்பாவிடம் போய்ச் சொன்னேன். சாசேஜ் போயிற்று, கண்ணால் பார்த்தேன், கால் கொப்புளத்தைப் பாருங்கள் என்று காட்டினேன். பார்த்தார். "ரொம்ப வலிக்குதாம்மா?" என்று கேட்டார். பிறகு, பெண் சாட்சி கோயிலில் செல்லுபடியாகாது என்றார்.

"அப்ப ஸ்பிஷெக் சொல்லட்டும். அவர் ஆம்பளைதானே!"

நுக்ஸார் பக்கத்திலேயே இருந்தான். "அவரு வெளியூர்க்காரரு. எங்க கோயில் அவரை எப்படிப் பிடிக்கும்? நாளைக்குப் பொய்யின்னா அவரு டிராம் ஏறிப் போயிடுவாரு."

எல்லோரும் சிரித்தார்கள். பெரியப்பாகூட. வீட்டுக்கு வந்து கோடாலியை எடுத்து விறகு பிளந்தேன். இனி இந்தக் கோடைக்கு விறகு போதும்.

ஜூலை 25

பாதை திறந்தது. பதினொரு பேரும் போனார்கள். ஸ்பிஷெக் அக்காவின் கையில் முத்தம் கொடுத்தார். அக்கா இன்று முழுக்க அந்தக் கையால் பாத்திரம் தேய்க்கவில்லை.

ஜூலை 27

ஒருவரும் வரவில்லை. வேன்காரர்களிடம் நுக்ஸார் சொல்லிவைத்திருக்கிறான்: அந்த வீடு விலக்கி வைத்த வீடு. எங்கள் வாசலைத் தாண்டி நேராக அவன் தாழ்ப்பாள் இல்லாத கக்கூஸுக்குப் போகின்றன வண்டிகள்.

ஜூலை 29

இன்று சண்டை. அசல் சண்டை.

லமாராதான் ஆரம்பித்தாள். "கையெழுத்துப் போட்டுடலாம்க்கா. வீடு யார் பேர்ல இருந்தா என்ன, நாமதானே இருக்கப்போறோம்." நான் பாய்ந்தேன். என்னென்னவோ சொல்லிவிட்டேன், எழுத வெட்கமாக இருக்கிறது. அக்கா என் பக்கம் பேசுவாள் என்று பார்த்தால், நாற்காலியில் சரிந்து உட்கார்ந்து, "எனக்கும் அலுத்துப்போச்சுடி" என்றாள்.

மக்வலாவா? நுக்ஸாரைச் சிறுவயதில் ஆட்டுத் தொட்டியில் முக்கியவளா?

நான் சொன்னேன்: நீங்கள் இருவரும் போடுங்கள், நான் போடமாட்டேன். என் புருஷன் வீட்டில் பதினாறு வருஷம் இன்னொருவர் பெயரில் இருந்த அடுப்பில்தான் சமைத்தேன். "உன் வீடா இது?" என்று வாரத்துக்கு ஒருதரம் கேட்பார்கள். இங்கே ஒரு ஆளும் என்னை அப்படிக் கேட்டதில்லை. மறுபடி கேட்கவிடமாட்டேன். முடியாது. அடுப்பை வேண்டுமானால் அணைக்கட்டும். இருட்டில் என் வீட்டில் உட்கார்ந்திருப்பேன்.

அழுதுவிட்டேன். லமாராவும் அழுதாள். அக்கா எழுந்து போய் ஆளுக்கு ஒரு கிண்ணம் தயிர் கொண்டுவந்து வைத்தாள். யாரும் யாரிடமும் மன்னிப்புக் கேட்கவில்லை. தயிரைச் சாப்பிட்டோம்.

ஆகஸ்ட் 1

நாளைக்குத் திருவிழா. சாயங்காலம் அக்கா வேலியோரம் நின்று எதிர் மலையில் மேய்கிற மாட்டைக் கூப்பிட்டாள். ஆற்றுக்கு அந்தப் பக்கம், நடந்தால் முக்கால் மணி நேரம். மாடு தலையைத் தூக்கித் திரும்பியது. திரும்பியதும் அக்காவும் அப்படியே நின்றுவிட்டாள், வாயைத் திறந்தபடி. பிறகு உள்ளே வந்து, பெட்டியிலிருந்து கறுப்பு உடுப்பை எடுத்து இஸ்திரி போட்டாள்.

"என்னக்கா?" என்றேன்.

"ஒண்ணுமில்ல. எனக்கு ரெண்டு முட்டையைப் பச்சையா உடைச்சுக் குடு. தொண்டைக்கு."

ஆகஸ்ட் 2

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மேட்டில் ஆண்கள், கொடி, மணி, பீர் கொப்பரை. கீழே எல்லைக்கல்லுக்கு இந்தப் பக்கம் பெண்கள், போர்வை விரித்து. எங்களைச் சுற்றி மட்டும் ஆள் இல்லை. பெரியப்பா ஒவ்வொரு வீட்டுக்காரனாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு பீர்க் கிண்ணம் கொடுத்தார். அப்பா போனதிலிருந்து எங்கள் வீட்டைக் கூப்பிடுவதே இல்லை. நுக்ஸார் முதல் வரிசையில் நின்று கீழே எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அக்கா எழுந்தாள். கல்லை நோக்கி நடந்தாள். பெண்கள் எல்லாம் மூச்சை இழுத்தார்கள். கல்லில் செருப்பு நுனி இடிக்கும்வரை போய், அங்கே நின்றாள். இரண்டு கையையும் வாயோரம் குவித்தாள்.

"கோயில் அறிய! என் அடுப்பு அறிய! எனக்குத் தெரிஞ்சதுல ஒண்ணையும் மறைக்காம சொல்றேன்!"

எதிர் மலையில் மாடுகள் எல்லாம் தலை தூக்கின. சத்தியமாக.

மேலே சலசலப்பு. நுக்ஸார் கத்தினான்: "நிறுத்துங்க! பொம்பளை இங்க வரக்கூடாது!"

"வந்தேனா? என் காலைப் பாருடா! கால்தானே வரக்கூடாது, குரல் வரக்கூடாதுன்னு எவன் சொன்னான்? பெரியப்பா, நீங்க சொல்லுங்க! அப்படி ஒரு சட்டம் இருக்கா?"

பெரியப்பா கொடிக் கம்பைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் யோசித்தார். பக்கத்தில் இருந்த கிழவர்களைப் பார்த்தார். அவர்களும் யோசித்தார்கள். இருநூறு வருஷமாக ஒருவருக்கும் தோன்றாததால் ஒருவரும் அதைத் தடுத்து வைக்கவில்லை. "இல்ல" என்றார் கடைசியில். "அப்படி ஒண்ணும் இல்ல."

அக்கா சொன்னாள். சாசேஜ் வந்தது, யார் கையில் வந்தது, எத்தனை மணிக்கு, எங்கே நின்றது, எதிலும் படவில்லை, எப்படிப் போனது, யார் தின்றது. உப்பு ஜாஸ்தி என்பதுவரை சொன்னாள். "இதுல ஒரு வார்த்தை பொய்யின்னா என் அடுப்பு எரிய வேண்டாம்!" என்று முடித்தாள்.

முடித்தாள் என்று நாங்கள் நினைத்தோம். அக்கா மூச்சு வாங்கிக்கொண்டு மறுபடி கையைக் குவித்தாள்.

"தெரிஞ்சது ஒண்ணையும் மறைக்க மாட்டேன்னு சத்தியம் பண்ணியிருக்கேன். அதனால, இந்த ஊர்ல பன்னிக்கறி பத்தி மிச்சமும் சொல்லிடறேன்! மொதல்ல, போன வருஷம் செப்டம்பர் மாசத்துல—"

மேலே நாற்பது ஆண்கள் ஒரே நேரத்தில் இருமினார்கள். ஒருவன் கிண்ணத்தைக் கீழே போட்டான். நுக்ஸாரின் முகத்தை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். பெரியப்பா பாய்ந்துபோய் மணியைப் பிடித்து அடி அடி என்று அடித்தார். அடித்துவிட்டு, "கேட்டாச்சு! கோயிலுக்குக் கேட்டாச்சு! போதும்மா!" என்றார்.

"ஏத்துக்கிட்டீங்களா?"

"ஏத்துக்கிட்டோம்!" என்றார்கள் நாற்பது பேரும். அவ்வளவு ஒற்றுமையாக அவர்கள் எதையும் சொல்லி நான் கேட்டதில்லை.

முதலில் கேத்தோதான் வந்தாள். எங்கள் போர்வையில் உட்கார்ந்து, எல்லோரும் பார்க்க, என் கையிலிருந்து தண்ணீர் வாங்கிக் குடித்தாள். அவளுக்கு விக்கல் வந்தது, சிரித்ததால்.

ஆகஸ்ட் 3

காலையில் கேட்டேன். "போன வருஷம் செப்டம்பர்ல என்னக்கா நடந்துச்சு?"

"எனக்கென்ன தெரியும்?"

"அக்கா! சத்தியம் பண்ணிட்டு..."

"நான் என்ன பொய் சொன்னேன்? போன வருஷம் செப்டம்பர் வந்துச்சா இல்லியா? அன்னிக்கு நுக்ஸார் வீட்டுப் பக்கமா வறுவல் வாசனை வந்துச்சு, அது என்ன கறின்னு எனக்குத் தெரியாது, தெரியாதுன்னுதான் சொல்ல வந்தேன். அதுக்குள்ள மணி அடிச்சுட்டாங்க." முட்டை ஓட்டைத் தூர எறிந்தாள். "எனக்கு ஒண்ணும் தெரியாதுடி, சியூரி. அவங்களுக்குத் தெரியும்ல!"

ஆகஸ்ட் 11

ஒன்பது பேர், ஏழு கட்டில். அக்கா பலகையில். இடுப்புவலிக்கு நான்தான் காரணம்.

ஆகஸ்ட் 24

லமாரா அறிவிப்பைப் போலிஷிலும் எழுதி ஒட்டினாள். எழுத்துச் சரிபார்க்க ஸ்பிஷெக்குக்குப் போனில் அனுப்பினாளாம். இரண்டு பிழை இருந்ததாம். நுக்ஸார் வழியில் பார்த்தால் வணக்கம் சொல்கிறான், தொப்பியைக் கழற்றாமல். அது போதும் எனக்கு.

அக்டோபர் 3

மேலே பனி விழுந்துவிட்டது. நாளை மறுநாள் பூட்டிக்கொண்டு இறங்குகிறோம். மெத்தைகளைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது எலிஸ்பார் பெரியப்பா வந்தார். வாசலில் நின்றபடியே தொண்டையைச் செருமினார். அடுத்த வருஷத் திருவிழா பீர் எந்த வீட்டு முறை என்று எழுதுகிற நோட்டு அவர் கையில்.

"உங்க வீட்டு முறை" என்றார்.

அக்கா கையிலிருந்த மெத்தையைக் கீழே போட்டாள். "என்னது! அறுபது கிலோ வாற்கோதுமையை ஊறவெச்சு முளைகட்டிக் காயப்போட்டு வறுக்கணும். எவன் செய்யறது? இதுக்குத்தான் அன்னிக்கு நான் தொண்டை கிழியக் கத்தினேனா?"

"வீடுன்னா முறை வரும்மா" என்றார் பெரியப்பா. "முளைகட்டறது நீங்க. மேல தூக்கிட்டுப் போய்க் காய்ச்சறது நாங்க."

"தூக்குங்க, நல்லாத் தூக்குங்க. ஒரு சொட்டு சிந்தினீங்கன்னா கல்லுகிட்ட வந்து நிப்பேன்."

எனக்கு அழுகை வந்தது. சுருட்டிய மெத்தைக்குப் பின்னால் முகத்தை வைத்துக்கொண்டேன். சந்தோஷம்தான், வேறென்ன.

பெரியப்பா பென்சிலை நாக்கில் தொட்டார். "ஆம்பளை பேரைத்தான் எழுதறது வழக்கம். உங்க வீட்டுக்கு யார் பேரை எழுத?"

"மூணு பேரையும் எழுதுங்க."

"இடம் பத்தாதேம்மா."

"எழுத்தைச் சின்னதாப் போடுங்க."

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, வாசற்படியில் உட்கார்ந்து, எழுதினார். மக்வலாவை எப்போதும்போல் பெரிதாக எழுதிவிட்டார். என் பெயருக்கு வந்தபோது நெருக்கிக்கொண்டார். லமாரா ஓரம் தாண்டி அட்டைக்குப் போய்விட்டாள்.